எரிக் கோக்

எரிக் கோக் (ஜூன் 19, 1896 – நவம்பர் 12, 1986) ஜெர்மனியின் நாட்சி கட்சியைச் சேர்ந்த அரசியல்வாதியும் ஆட்சியாளரும் ஆவார். 1928 முதல் 1945 வரை கிழக்குப் பிரஷ்யா மாநிலத்தின் கட்சித் தலைவராக இவர் பதவி வகித்தார். இரண்டாம் உலகப் போரின்போது ஜெர்மனி கைப்பற்றிய உக்ரைனின் பெரும்பகுதியை 1941 முதல் 1944 வரை ரெய்க் ஆணையர் என்ற பதவியில் இருந்து ஆட்சி செய்தார். இவரது ஆட்சிக்காலத்தில் அப்பகுதியில் பல இலட்சம் யூதர்களும் பிற குடிமக்களும் கொல்லப்பட்டனர். மேலும் பல இலட்சம் பேர் கட்டாய வேலைக்காக ஜெர்மனிக்குக் கொண்டு செல்லப்பட்டனர். போருக்குப் பின் நான்கு ஆண்டுகள் தலைமறைவாக வாழ்ந்த கோக், 1949 ஆம் ஆண்டில் கைது செய்யப்பட்டுப் போலந்திடம் ஒப்படைக்கப்பட்டார். 1959 இல் போலந்து நீதிமன்றம் இவருக்கு மரண தண்டனை விதித்தது. அத்தண்டனை நிறைவேற்றப்படவில்லை, இவர் தமது 90 ஆவது வயதில் சிறையில் இறந்தார். உக்ரைனில் செய்த குற்றங்களுக்காக இவர் எந்த நீதிமன்றத்திலும் விசாரிக்கப்படவில்லை.

இளமைக் காலம்

எரிக் கோக் ஜெர்மனியின் ரைன் மாநிலத்தில் உள்ள எல்பர்பெல்ட் என்னும் ஊரில் பிறந்தார். தொழில் நகரமான இது பின்னர் வூப்பர்டால் நகரின் ஒரு பகுதியாயிற்று. இவரது தந்தை ஒரு தொழிற்சாலையில் மேற்பார்வையாளராகப் பணியாற்றினார். வணிகக் கல்வி பயின்ற கோக், பின்னர் இரயில்வே துறையில் எழுத்தராகச் சேர்ந்தார். முதலாம் உலகப் போரில் 1915 முதல் 1918 வரை படைவீரராகப் பணிபுரிந்தார்.

போரில் ஜெர்மனி தோல்வியுற்ற பின், முன்னாள் படைவீரர்கள் பலர் தன்னார்வப் படைகளில் சேர்ந்தனர். கோக்கும் அத்தகைய படை ஒன்றில் இணைந்து, 1921 இல் மேல் சிலேசியாவில் போலந்துக் கிளர்ச்சியாளர்களுக்கு எதிராகப் போரிட்டார். 1923 இல் ரூர் தொழிற்பகுதியைப் பிரெஞ்சுப் படைகள் கைப்பற்றியபோது அதற்கெதிரான நடவடிக்கைகளில் பங்கேற்றுச் சிறை சென்றார். அயல்நாட்டு ஆக்கிரமிப்பை எதிர்த்தவர் என்னும் இப்பெயர் பிற்காலத்தில் கட்சிக்குள் இவருக்குப் பெரிதும் உதவியது.

நாட்சி கட்சியில்

கோக் 1922 ஆம் ஆண்டில் நாட்சி கட்சியில் சேர்ந்தார். தொடக்கத்தில் ரூர் பகுதியில் கட்சிப் பணியாற்றினார். அரசியல் நடவடிக்கைகளின் காரணமாக 1926 இல் இரயில்வே பணியிலிருந்து நீக்கப்பட்டார். அதன் பின் அவர் முழுநேரக் கட்சி அலுவலர் ஆனார்.

அக்காலத்தில் நாட்சி கட்சியில் கிரெகர் ஸ்ட்ராசர் தலைமையில் ஓர் இடதுசாரிப் பிரிவு இயங்கி வந்தது. முதலாளிகளுக்கு எதிரான முழக்கங்களை முன்வைத்த அப்பிரிவுடன் கோக் நெருக்கமாக இருந்தார். ஜோசப் கோயபெல்சுடன் இவருக்கு மோதல் இருந்தது. உடற்குறையையும் இனக் கலப்பையும் தொடர்புபடுத்திய ஒரு கட்டுரை 1927 இல் கோக்கின் பெயரில் வெளிவந்தது. காலில் குறை உடைய கோயபெல்ஸ் அதைத் தம் மீதான தாக்குதலாகக் கருதினார். ஸ்ட்ராசர் பின்னாளில் ஹிட்லரின் ஆணைப்படி கொல்லப்பட்டார். கோக் அதற்கு முன்பே ஹிட்லரின் பக்கம் சாய்ந்து தம் இடத்தைத் தக்க வைத்துக்கொண்டார்.

நாட்சி கட்சி ஜெர்மனியைக் "கௌ" எனப்படும் கட்சி மாவட்டங்களாகப் பிரித்திருந்தது. ஒவ்வொன்றின் தலைவரும் கௌலைட்டர் எனப்பட்டார். கௌலைட்டர்களை ஹிட்லரே நேரடியாக நியமித்தார். அவர்கள் ஹிட்லருக்கு மட்டுமே கடமைப்பட்டவர்களாக இருந்தனர். அரசுப் பதவிகளில் யார் இருந்தாலும் உண்மையான அதிகாரம் பெரும்பாலும் கௌலைட்டரிடமே இருந்தது. கோக்கின் பிற்கால வாழ்க்கையைப் புரிந்துகொள்ள இந்த ஏற்பாட்டை அறிந்திருத்தல் அவசியமாகும்.

கிழக்குப் பிரஷ்யாவில்

1928 அக்டோபரில் கோக் கிழக்குப் பிரஷ்யாவின் கௌலைட்டராக நியமிக்கப்பட்டார். வெர்சாய் உடன்படிக்கைக்குப் பின் இம்மாநிலம் போலந்து நிலப்பகுதியால் ஜெர்மனியின் பிற பகுதிகளிலிருந்து பிரிக்கப்பட்டிருந்தது. பெரும் நிலக்கிழார்களையும் வறிய உழவர்களையும் கொண்டிருந்த இவ்வேளாண் மாநிலத்தில், 1928 தேர்தலில் நாட்சி கட்சி ஒரு விழுக்காட்டு வாக்குகளைக்கூடப் பெறவில்லை. 1933 மார்ச் தேர்தலில் அக்கட்சி இங்கு சுமார் 56 விழுக்காட்டு வாக்குகளைப் பெற்றது. ஜெர்மனியில் அக்கட்சி பெற்ற மிக உயர்ந்த விழுக்காடுகளுள் இதுவும் ஒன்றாகும்.

1930 இல் ஜெர்மன் நாடாளுமன்ற உறுப்பினரான கோக், 1933 இல் கிழக்குப் பிரஷ்யாவின் அரசுத் தலைமை நிர்வாகியாகவும் நியமிக்கப்பட்டார். இதனால் கட்சி அதிகாரமும் அரசு அதிகாரமும் ஒரே கையில் குவிந்தன. அதே ஆண்டில், ஜெர்மனியிலேயே முதன்முதலாக வேலையின்மையை ஒழித்த மாநிலம் கிழக்குப் பிரஷ்யா என்று இவர் அறிவித்தார். வேலையற்றோரைத் தொழிலாளர் முகாம்களில் சேர்த்து நிலச்சீர்திருத்தப் பணிகளிலும் சாலைப் பணிகளிலும் ஈடுபடுத்தியே இந்நிலை எட்டப்பட்டது. ஆயினும் ஹிட்லரின் பார்வையில் கோக் திறமையான நிர்வாகி என்னும் பெயரைப் பெற இது வழிவகுத்தது.

இக்காலத்தில் கோக் தம் பெயரில் "எரிக் கோக் அறக்கட்டளை" என்ற அமைப்பை நிறுவினார். பெயரளவில் அறக்கட்டளையாக இருந்த இது, நடைமுறையில் பல தொழில் நிறுவனங்களைக் கையகப்படுத்திய ஒரு வணிகப் பேரமைப்பாக வளர்ந்தது. உரிமையாளர்களை மிரட்டியும் அதிகாரத்தைப் பயன்படுத்தியும் நிறுவனங்கள் பறிக்கப்பட்டன. அவற்றின் வருவாய் கோக்கின் ஆடம்பர வாழ்வுக்கும் அவருடைய ஆதரவாளர்களுக்கும் பயன்பட்டது. இந்த ஊழல்கள் குறித்துக் கட்சிக்குள்ளிருந்தும் எஸ். எஸ். அமைப்பிலிருந்தும் புகார்கள் எழுந்தன. 1935 இறுதியில் கோக் சிறிது காலம் பதவியிலிருந்து விலக்கி வைக்கப்பட்டார். ஆனால் ஹிட்லர் தலையிட்டு அவரை மீண்டும் பதவியில் அமர்த்தினார். ஹிட்லரின் ஆதரவு இருக்கும்வரை தம்மை எவராலும் அகற்ற இயலாது என்பதை கோக் இந்நிகழ்வின் மூலம் உணர்ந்துகொண்டார்.

போலந்துப் பகுதிகளின் ஆட்சி

1939 செப்டம்பரில் ஜெர்மனி போலந்தைக் கைப்பற்றியது. அதன் பின் வார்சாவுக்கு வடக்கே அமைந்த செகானோவ் பகுதி கிழக்குப் பிரஷ்யாவுடன் இணைக்கப்பட்டு கோக்கின் ஆட்சியின் கீழ் வந்தது. போலந்து ஆசிரியர்கள், கத்தோலிக்கக் குருமார்கள், அரசியல் தலைவர்கள் ஆகியோர் கைது செய்யப்பட்டனர். உழவர்கள் தம் நிலங்களிலிருந்து வெளியேற்றப்பட்டனர்.

சோல்டாவ் என்ற ஊரில் அமைக்கப்பட்ட முகாமில் போலந்துக் கைதிகள் பலர் கொல்லப்பட்டனர். 1940 மே, ஜூன் மாதங்களில் கிழக்குப் பிரஷ்யாவின் மனநல மருத்துவமனைகளிலிருந்து இம்முகாமுக்குக் கொண்டுவரப்பட்ட 1,558 நோயாளிகள் நச்சுவாயு ஊர்தியில் அடைத்துக் கொல்லப்பட்டனர்.

1941 ஜூன் 22 இல் ஜெர்மனி சோவியத் ஒன்றியத்தின் மீது படையெடுத்தது. அதே ஆண்டு ஆகஸ்ட் 1 முதல் பியாலிஸ்டோக் மாவட்டமும் கோக்கின் பொறுப்பில் விடப்பட்டது. பியாலிஸ்டோக் நகரின் யூதர்கள் தனிக் குடியிருப்பு ஒன்றில் அடைக்கப்பட்டனர். 1943 ஆகஸ்டில் அவர்களை அப்புறப்படுத்தும் பணி தொடங்கியபோது, அங்கிருந்த இளைஞர்கள் ஆயுதக் கிளர்ச்சி செய்தனர். கிளர்ச்சி ஒடுக்கப்பட்டது. எஞ்சியோரில் பெரும்பாலானோர் திரெப்லிங்கா உள்ளிட்ட முகாம்களுக்கு அனுப்பப்பட்டனர்.

உக்ரைன் ரெய்க் ஆணையகம்

பதவி நியமனம்

கைப்பற்றப்படும் சோவியத் நிலப்பகுதிகளை நிர்வகிக்க ஆல்பிரட் ரோசன்பெர்க் தலைமையில் கிழக்குப் பகுதிகளுக்கான அமைச்சகம் ஒன்று அமைக்கப்பட்டது. 1941 ஜூலை 16 இல் ஹிட்லரின் தலைமையகத்தில் நடைபெற்ற கூட்டத்தில் ஆணையர் பதவிகள் குறித்து விவாதிக்கப்பட்டது. கோக்கின் கடுமையை ரோசன்பெர்க் நன்கு அறிந்திருந்தார். அக்காரணத்தாலேயே அவரை மாஸ்கோ பகுதிக்கு அனுப்ப விரும்பினார். உக்ரைனியரை ரஷ்யர்களுக்கு எதிரான நட்பு மக்களாக ஆக்கிக்கொள்ள வேண்டும் என்பது ரோசன்பெர்க்கின் திட்டமாகும். ஆனால் உணவு தானியத்தை முதன்மையாகக் கருதிய ஹெர்மன் கோரிங், உக்ரைனுக்கு கோக்கே ஏற்றவர் என வலியுறுத்தினார். ஹிட்லர் கோரிங்கின் கருத்தை ஏற்றுக்கொண்டார்.

1941 செப்டம்பர் 1 முதல் ரெய்க் ஆணையகத்தின் ஆட்சி நடைமுறைக்கு வந்தது. கீவ் நகரைத் தலைநகராக்காமல், வொலீனியா பகுதியில் உள்ள ரிவ்னே என்னும் சிறு நகரை கோக் தலைநகராகத் தேர்ந்தெடுத்தார். உக்ரைனுக்குத் தேசியத் தலைநகர் ஒன்று இருப்பதான எண்ணமே தோன்றக்கூடாது என்பது இதன் நோக்கமாகக் கருதப்படுகிறது.

நிர்வாக அமைப்பு

ரெய்க் ஆணையகம் இன்றைய உக்ரைன் முழுவதையும் உள்ளடக்கியதன்று. லிவிவ் நகரை உள்ளடக்கிய கலீசியா, போலந்தின் பொது ஆட்சிப்பகுதியுடன் இணைக்கப்பட்டது. ஒடெசா உள்ளிட்ட தென்மேற்குப் பகுதி ருமேனியாவிடம் விடப்பட்டது. கார்கிவ் உள்ளிட்ட கிழக்குப் பகுதிகள் ஜெர்மன் இராணுவத்தின் நேரடி ஆட்சியில் இருந்தன. எஞ்சிய பகுதி வொலீனியா-பொதோலியா, ஜித்தோமிர், கீவ், மிக்கோலாயிவ், தினிப்ரோபெத்ரோவ்ஸ்க், கிரிமியா என ஆறு பொது மாவட்டங்களாகப் பிரிக்கப்பட்டது. இவற்றுள் கிரிமியத் தீபகற்பம் தொடர்ந்து இராணுவத்தின் கட்டுப்பாட்டிலேயே இருந்தது. 1943 தொடக்கத்தில் ஆணையகத்தின் பரப்பு சுமார் 3.4 இலட்சம் சதுர கிலோமீட்டராகவும், மக்கள்தொகை சுமார் 1.7 கோடியாகவும் இருந்தன. கிழக்குப் பிரஷ்யாவையும் பியாலிஸ்டோக்கையும் சேர்த்து, பால்டிக் கடலிலிருந்து கருங்கடல் நோக்கி நீண்ட நிலப்பரப்பு ஒரே மனிதரின் ஆட்சியில் இருந்தது.

கோக் தம் காலத்தின் பெரும்பகுதியைக் கோனிக்ஸ்பெர்க் நகரிலேயே கழித்தார். ரிவ்னேக்கு அவ்வப்போதே வந்து சென்றார். அன்றாட நிர்வாகத்தை அவருடைய துணைவரான பால் டார்கெல் கவனித்தார். காவல்துறையும் எஸ். எஸ். படைகளும் ஹிம்லரின் கீழும், வேளாண் பொருளாதாரம் பெருமளவு கோரிங்கின் அமைப்புகளின் கீழும், தொழிலாளர் திரட்டல் பிரிட்ஸ் சாக்கலின் கீழும் இயங்கின. இவை தமக்குள் போட்டியிட்டாலும், மக்களிடமிருந்து பறிப்பதில் ஒன்றுக்கொன்று துணை நின்றன.

மக்கள் மீதான கொள்கை

உக்ரைன் ஒரு குடியேற்ற நாடாகவே நடத்தப்பட வேண்டும் என்பது கோக்கின் கொள்கையாகும். மிகத் தாழ்ந்த நிலையில் உள்ள ஜெர்மன் தொழிலாளிகூட இந்நாட்டு மக்களைவிட ஆயிரம் மடங்கு மதிப்புடையவர் என்னும் பொருள்பட 1943 மார்ச் 5 இல் கீவ் நகரில் அவர் உரையாற்றினார். இவ்வுரையின் பதிவு பின்னர் நியூரம்பெர்க் விசாரணையில் சான்றாக முன்வைக்கப்பட்டது.

இக்கொள்கை அன்றாட வாழ்வில் பல வடிவங்களில் வெளிப்பட்டது. பல்கலைக்கழகங்கள் மூடப்பட்டன. பொதுக்கல்வி நான்காம் வகுப்புடன் நிறுத்தப்பட்டது. சிறு குற்றங்களுக்கும் மக்கள் பொது இடங்களில் கசையடிக்கு உள்ளாக்கப்பட்டனர். அருங்காட்சியகங்களிலிருந்த ஓவியங்களும் சமயத் திருவுருவங்களும் கிழக்குப் பிரஷ்யாவுக்குக் கொண்டு செல்லப்பட்டன. உக்ரைனிய தேசியவாதிகள் தொடக்கத்தில் ஜெர்மானியரை விடுதலை அளிப்போராக எண்ணியிருந்தனர். அவர்களும் வேட்டையாடப்பட்டனர். கவிஞர் ஒலேனா தெலிகா 1942 இல் கீவ் நகரில் கொல்லப்பட்டார்.

சோவியத் ஆட்சியின் கூட்டுப்பண்ணைகள் கலைக்கப்பட்டு நிலம் தமக்கே கிடைக்கும் என உழவர்கள் எதிர்பார்த்தனர். 1942 பிப்ரவரியில் ரோசன்பெர்க்கின் அமைச்சகம் நிலச்சீர்திருத்த ஆணை ஒன்றை வெளியிட்டது. எனினும் தானியத்தை ஓரிடத்தில் சேர்த்து எடுத்துச் செல்லக் கூட்டுப்பண்ணை முறையே வசதியானது என்பதால், பெரும்பாலான இடங்களில் அது வேறு பெயரில் நீடித்தது. 1942 ஆகஸ்டில் ரிவ்னேயில் நடந்த கூட்டம் ஒன்றில், ஜெர்மனியின் உணவுத் தேவையே முதன்மையானது என்றும், உள்ளூர் மக்களின் உணவு நிலை ஒரு பொருட்டன்று என்றும் கோக் தம் அதிகாரிகளுக்கு அறிவுறுத்தினார். கிராமங்களிலிருந்து நகரங்களுக்கு உணவு எடுத்துச் செல்வது தடை செய்யப்பட்டது. சாலைகளில் காவலர்கள் நிறுத்தப்பட்டு மக்களின் உணவுப் பைகள் பறிக்கப்பட்டன. இதனால் கீவ் உள்ளிட்ட நகரங்களில் பட்டினிச் சாவுகள் நிகழ்ந்தன.

கட்டாய உழைப்பு

1942 முதல் உக்ரைனிலிருந்து தொழிலாளர்களை ஜெர்மனிக்கு அனுப்பும் பணி தீவிரமடைந்தது. தொடக்கத்தில் விளம்பரங்கள் மூலம் தன்னார்வலர்கள் அழைக்கப்பட்டனர். அங்கு நிலவிய மோசமான நிலை குறித்த செய்திகள் கடிதங்கள் வழியாகப் பரவியதும் எவரும் முன்வரவில்லை. அதன் பின் சந்தைகள், திரையரங்குகள், தேவாலயங்கள் ஆகியவற்றைச் சுற்றிவளைத்து மக்கள் பிடிக்கப்பட்டனர். தப்பியோடியவர்களின் வீடுகள் எரிக்கப்பட்டன. இராணுவ ஆட்சிப் பகுதிகளையும் சேர்த்து உக்ரைனிலிருந்து 20 இலட்சத்துக்கும் மேற்பட்டோர் இவ்வாறு கொண்டு செல்லப்பட்டனர். இவர்களுள் பலர் பதின்ம வயதினர். இவர்கள் தம் உடையில் "கிழக்கு" என்பதைக் குறிக்கும் அடையாளப் பட்டையை அணிய வேண்டியிருந்தது.

யூதர் படுகொலைகள்

யூதர்களைக் கொல்லும் பணியை முதன்மையாக எஸ். எஸ். படைகளும் காவல் படைகளும் செய்தன. எனினும் யூதர்களைப் பதிவு செய்தல், தனிக் குடியிருப்புகளில் அடைத்தல், சொத்துகளைப் பறித்தல், கொலைக்கான நாளை முடிவு செய்தல் ஆகியவற்றில் கோக்கின் குடிமை நிர்வாகம் நேரடியாகப் பங்கேற்றது.

கீவ் நகரின் பாபி யார் பள்ளத்தாக்கில் 1941 செப்டம்பர் 29, 30 ஆகிய நாட்களில் 33,771 யூதர்கள் கொல்லப்பட்டபோது அந்நகர் இராணுவ ஆட்சியில் இருந்தது. அக்டோபர் 20 இல்தான் அது ரெய்க் ஆணையகத்திடம் ஒப்படைக்கப்பட்டது. ஆனால் 1941 நவம்பர் தொடக்கத்தில் கோக்கின் தலைநகரான ரிவ்னேயிலேயே பெரும் படுகொலை நிகழ்ந்தது. வேலைக்குச் செல்வதற்கான அனுமதிச் சீட்டு இல்லாத யூதர்கள் ஓரிடத்தில் கூடுமாறு ஆணையிடப்பட்டனர். அவர்கள் நகருக்கு வெளியே சோசென்கி காட்டுக்கு நடத்திச் செல்லப்பட்டுச் சுட்டுக் கொல்லப்பட்டனர். ஏறத்தாழ 17,000 பேர் சில நாட்களில் கொல்லப்பட்டனர். எஞ்சிய சுமார் 5,000 பேர் 1942 ஜூலையில் இரயிலில் ஏற்றப்பட்டுக் கொஸ்தோபில் அருகே கொல்லப்பட்டனர். கட்டட நிறுவனம் ஒன்றின் மேலாளராக அப்பகுதியில் பணியாற்றிய ஜெர்மானியரான ஹெர்மன் கிரேபே, ரிவ்னே, துப்னோ ஆகிய இடங்களில் தாம் கண்டவற்றை நியூரம்பெர்க் விசாரணைக்குச் சாட்சியமாக எழுதிக் கொடுத்தார். 1942 முடிவதற்குள் ரெய்க் ஆணையகத்தின் யூத சமூகங்களில் மிகப் பெரும்பாலானவை அழிந்துவிட்டன.

ரோசன்பெர்க்குடன் முரண்பாடு

சட்டப்படி கோக், அமைச்சர் ரோசன்பெர்க்குக்குக் கட்டுப்பட்டவர். நடைமுறையில் அவர் அமைச்சரின் ஆணைகளைப் பொருட்படுத்தவில்லை. கௌலைட்டர் என்ற முறையில் ஹிட்லரை நேரடியாகச் சந்திக்கும் உரிமை அவருக்கு இருந்தது. ஹிட்லரின் செயலரான மார்ட்டின் போர்மன் கோக்கை ஆதரித்தார். மேலும், ஹிட்லரின் "ஓநாய்க் குகை" தலைமையகம் கிழக்குப் பிரஷ்யாவில், அதாவது கோக்கின் சொந்த மாநிலத்திலேயே அமைந்திருந்தது. பெர்லினில் இருந்த ரோசன்பெர்க்குக்கு இந்த வாய்ப்புகள் இல்லை.

கோக்கின் கடுமை மக்களை எதிரியின் பக்கம் தள்ளுகிறது என ரோசன்பெர்க் தொடர்ந்து புகார் செய்தார். சுமான் காட்டுப் பகுதியை கோக் தம் வேட்டைக்காக ஒதுக்கிக்கொண்டு, அங்கிருந்த சிற்றூர் மக்களை வெளியேற்றியும் கொன்றும் விட்டார் என்பது அப்புகார்களுள் ஒன்று. 1943 மே 19 இல் ஹிட்லர் இருவரையும் நேரில் அழைத்து விசாரித்தார். அவர் கோக்கின் பக்கமே நின்றார். ரோசன்பெர்க்கின் எதிர்ப்பு மனிதநேயத்தால் எழுந்ததன்று. ஆட்சி உத்தி குறித்த வேறுபாட்டால் எழுந்ததாகும். யூதர்களை அழிப்பதில் இருவருக்கும் இடையே கருத்து வேறுபாடு இருக்கவில்லை.

எதிர்ப்பு இயக்கங்கள்

வொலீனியாவின் காடுகளில் சோவியத் கரந்தடிப் படைகளும், 1942 இறுதியிலிருந்து உக்ரைனியக் கிளர்ச்சிப் படையும் வளர்ந்தன. இதற்குப் பதிலடியாக ஊர்கள் முழுமையாக அழிக்கப்பட்டன. 1942 செப்டம்பர் 23 இல் கொர்த்தெலிசி என்னும் ஊர் எரிக்கப்பட்டு, 2,800க்கும் மேற்பட்ட மக்கள் கொல்லப்பட்டனர்.

சோவியத் உளவாளியான நிக்கொலாய் குஸ்னெத்சோவ், பால் சீபர்ட் என்ற ஜெர்மன் அதிகாரியின் பெயரில் ரிவ்னேயில் இயங்கி வந்தார். 1943 இல் கோக்கைக் கொல்லும் நோக்கத்துடன் அவரை நேரில் சந்தித்தார். பலத்த காவல் இருந்ததால் அவரால் சுட இயலவில்லை. பின்னர் குஸ்னெத்சோவ் ரிவ்னேயில் கோக்கின் நிர்வாகத்தைச் சேர்ந்த வேறு சில உயர் அதிகாரிகளைக் கொன்றார்.

1944 பிப்ரவரி தொடக்கத்தில் செஞ்சேனை ரிவ்னேயைக் கைப்பற்றியது. அத்துடன் கோக்கின் உக்ரைன் ஆட்சி நடைமுறையில் முடிவுற்றது.

கிழக்குப் பிரஷ்யாவின் வீழ்ச்சி

1944 கோடையில் போர்முனை கிழக்குப் பிரஷ்யாவை நெருங்கியது. கோக் பல்லாயிரக்கணக்கான பொதுமக்களைக் கொண்டு பதுங்குகுழிகளை வெட்டச் செய்தார். முதியோரையும் சிறுவரையும் கொண்ட மக்கள் படையைத் திரட்டினார். ஆனால் மக்கள் மாநிலத்தை விட்டு வெளியேறுவதைத் தடை செய்தார். வெளியேறுவதற்கு ஆயத்தம் செய்வதே தோல்வி மனப்பான்மையாகக் கருதப்பட்டுத் தண்டனைக்குரியதாக்கப்பட்டது.

1945 ஜனவரி 13 இல் செஞ்சேனையின் பெருந்தாக்குதல் தொடங்கியது. வெளியேறும் அனுமதி மிகவும் காலந்தாழ்ந்தே கிடைத்தது. கடுங்குளிரில் இலட்சக்கணக்கானோர் உறைந்த கடற்கழியைக் கடந்தும் கப்பல்களிலும் தப்ப முயன்றனர். அவர்களுள் பலர் வழியில் உயிரிழந்தனர். ஜனவரி 30 இல் அகதிகளை ஏற்றிச் சென்ற வில்ஹெல்ம் குஸ்ட்லொவ் கப்பல் சோவியத் நீர்மூழ்கியால் மூழ்கடிக்கப்பட்டு ஆயிரக்கணக்கானோர் மாண்டனர்.

இறுதிவரை போரிடுமாறு பிறருக்கு ஆணையிட்ட கோக், ஜனவரி இறுதியிலேயே கோனிக்ஸ்பெர்க் நகரை விட்டு வெளியேறிக் கடற்கரைப் பகுதிக்குச் சென்றுவிட்டார். நகரின் படைத்தலைவர் ஒட்டோ லாஷ் ஏப்ரல் 9 இல் சரணடைந்தார். இதற்காக ஹிட்லர் அவருக்கு மரண தண்டனை விதித்தார். அதே மாத இறுதியில், பனிக்கட்டி உடைக்கும் கப்பல் ஒன்றில் ஏறி கோக் மேற்கு நோக்கித் தப்பினார்.

தலைமறைவும் கைதும்

கோக் ஜெர்மனியின் வடபகுதியான ஹோல்ஸ்டைனை அடைந்தார். அங்கு ரோல்ப் பெர்கர் என்ற பொய்ப் பெயரில் அகதியாகப் பதிவு செய்துகொண்டு வேளாண் தொழிலாளியாக வாழ்ந்தார். இக்காலத்தில்தான் நியூரம்பெர்க் விசாரணை நடைபெற்றது. அவருடைய மேலதிகாரியான ரோசன்பெர்க் 1946 அக்டோபர் 16 இல் தூக்கிலிடப்பட்டார். உக்ரைனில் கோக் நிகழ்த்திய கொடுமைகள் குறித்த ஆவணங்களும் அவ்விசாரணையில் பயன்படுத்தப்பட்டன.

1949 மே மாதத்தில் பிரித்தானிய அதிகாரிகள் கோக்கைக் கைது செய்தனர். சோவியத் ஒன்றியமும் போலந்தும் அவரை ஒப்படைக்குமாறு கோரின. 1950 இல் பிரித்தானியர் அவரைப் போலந்திடம் ஒப்படைத்தனர்.

விசாரணையும் தண்டனையும்

கோக் மீதான விசாரணை வார்சாவில் 1958 அக்டோபரில்தான் தொடங்கியது. அவரது உடல்நலக் குறைவு தாமதத்திற்கு ஒரு காரணமாகக் கூறப்பட்டது. குற்றச்சாட்டு போலந்து நிலப்பகுதிகளில், அதாவது செகானோவிலும் பியாலிஸ்டோக்கிலும், நிகழ்த்தப்பட்ட குற்றங்களை மட்டுமே உள்ளடக்கியிருந்தது. கோக் தம் மீதான குற்றங்களை மறுத்தார். கொலைகளுக்கு ஹிம்லரின் காவல்துறையே பொறுப்பு என்றும் வாதிட்டார்.

1959 மார்ச் 9 இல் நீதிமன்றம் அவருக்கு மரண தண்டனை விதித்தது. நோயுற்ற கைதியைத் தூக்கிலிடுவதைப் போலந்துச் சட்டம் அனுமதிக்கவில்லை என்னும் காரணத்தால் தண்டனை நிறைவேற்றப்படாமல், பின்னர் ஆயுள் தண்டனையாக மாற்றப்பட்டது. நோயுற்றவராகக் கருதப்பட்ட கோக் அதன் பின் 27 ஆண்டுகளுக்கும் மேலாக உயிர் வாழ்ந்தார்.

அவர் தம் இறுதிக் காலத்தைப் பார்செவோ சிறையில் கழித்தார். 1945 வரை வார்ட்டன்புர்க் என அழைக்கப்பட்ட இவ்வூர், அவர் ஆட்சி செய்த கிழக்குப் பிரஷ்யாவைச் சேர்ந்ததாகும். 1986 நவம்பர் 12 இல் கோக் அச்சிறையில் இறந்தார். அவ்வூர் இடுகாட்டில் அடையாளம் ஏதுமற்ற கல்லறையில் அடக்கம் செய்யப்பட்டார்.

அம்பர் அறை

ரஷ்யப் பேரரசர்களின் கத்தரீன் அரண்மனையில் இருந்த புகழ்பெற்ற அம்பர் அறையை 1941 இல் ஜெர்மானியர் பெயர்த்தெடுத்துக் கோனிக்ஸ்பெர்க் கோட்டைக்குக் கொண்டு சென்றனர். 1945 க்குப் பின் அது காணப்படவில்லை. அது மறைத்து வைக்கப்பட்ட இடத்தை கோக் அறிந்திருந்தார் என்றும், அதன் காரணமாகவே அவர் தூக்கிலிடப்படவில்லை என்றும் பரவலாகப் பேசப்பட்டது. இதற்கு உறுதியான சான்று எதுவும் இல்லை. சிறையில் இருந்தபோது கோக் இது குறித்துக் கூறியவை எதுவும் அறையைக் கண்டுபிடிக்க உதவவில்லை. 2003 இல் அரண்மனையில் அதன் மறு ஆக்கம் திறந்து வைக்கப்பட்டது.

மதிப்பீடு

கோக் கோட்பாட்டாளரோ படைத்தலைவரோ அல்லர். கட்சிப் பதவி அளித்த கட்டற்ற அதிகாரத்தை ஆக்கிரமிப்பு ஆட்சிக்குக் கொண்டு சென்ற நிர்வாகி என்றே வரலாற்றாளர்கள் அவரைக் கருதுகின்றனர். சொந்த மாநிலத்தில் 1935 இல் ஊழல் புகார்களிலிருந்து அவரைக் காத்த அதே ஏற்பாடு, 1943 இல் உக்ரைனில் தம் அமைச்சரிடமிருந்தும் அவரைக் காத்தது. அவரது ஆட்சியை அனுபவித்த உக்ரைனிய மக்களுள் பலர் ஜெர்மனிக்கு எதிராகத் திரும்பினர்.

போலந்து நீதிமன்றம் அவரைக் குற்றவாளியாக அறிவித்தது. எனினும் அவர் ஆண்ட மிகப் பெரிய நிலப்பகுதியான உக்ரைனில் நிகழ்ந்தவை அக்குற்றச்சாட்டில் இடம்பெறவில்லை. சோவியத் ஒன்றியமும் தனி விசாரணை எதையும் நடத்தவில்லை. இதனால் ரிவ்னே, கொர்த்தெலிசி போன்ற இடங்களில் உயிர் பிழைத்தவர்கள் கோக்குக்கு எதிராகத் தம் சொந்த நாட்டு நீதிமன்றம் ஒன்றில் சாட்சியம் அளிக்கும் வாய்ப்பைப் பெறவே இல்லை.

இவற்றையும் பார்க்கவும்

ஆல்பிரட் ரோசன்பெர்க்
பாபி யார் படுகொலை
நியூரம்பெர்க் விசாரணைகள்
அம்பர் அறை